இறக்கியாச்சு, வாங்க

ஈரத் தரையைத் துடைக்கும்போது பலரும் வாசலில்தான் ஆரம்பிக்கிறார்கள், மேடம். அது தப்பு. உள்மூலையில் ஆரம்பித்து, வாசலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு பின்னாலேயே வர வேண்டும். இல்லாவிட்டால் துடைத்த இடத்தை நாமே மிதித்துவிட்டு அடுத்தவரை முறைக்க வேண்டியதுதான். உங்கள் ஸ்டேஷன் வராந்தாவைத் துடைக்கும் அம்மாவும் வாசலில்தான் ஆரம்பித்திருந்தார். சொல்லிக்கொடுத்தேன், சிரித்தார். நான் இங்கே வந்தது நானாகத்தான், யாரும் கூப்பிடவில்லை என்பதையும் தம்பியை எழுதிக்கொள்ளச் சொல்லுங்கள்.

அட்டைப்பெட்டி செய்யும் தொழிற்சாலையில் நான் ஸ்டோர் கீப்பர். கீழ்த்தளத்துக்கு இறங்கும் படிக்கட்டின் உச்சியில் என் அறை. கம்பி போட்ட ஒரு சின்ன ஜன்னல். பசை, பெல்ட், பல்பு, யாருக்கு எது வேண்டுமானாலும் அந்த ஜன்னலுக்கு வந்துதான் ஆக வேண்டும். வருவார்கள், பொருளின் பெயரைச் சொல்வார்கள், வாங்கிக்கொண்டு போவார்கள். என் முகத்தைப் பார்த்தவர்கள் குறைவு. அவர்களையும் குறை சொல்ல முடியாது, பொருள் என் கையில்தானே இருந்தது. வீட்டிலும் நானும் அக்காவும் மட்டும். சாப்பாட்டை மூடி வைத்துவிட்டு அவள் டிவிக்குப் போய்விடுவாள். தட்டோடு பேசிப் பழகிவிட்டேன்.

முதல் வெள்ளத்துக்கும் எனக்கும் சம்பந்தமே இல்லை, இதைக் கோடு போட்டு எழுதச் சொல்லுங்கள். தீப்பிடித்தால் அணைப்பதற்காகக் கீழ்த்தளத்தில் போட்டிருந்த குழாய் ஒரு விடுமுறை நாளில் இணைப்பு விட்டுக்கொண்டது. மறுநாள் வந்து பார்த்தால் இடுப்பளவு தண்ணீர். அங்கே நிறுத்தியிருந்த காகித உருளைகள் எல்லாம் நிறைமாதக்காரிகள் போல உப்பிப்போய் நின்றன. மெஷின் ஓடாது, பெட்டி போகாது. மேனேஜரிலிருந்து டிரைவர் வரை எல்லோரும் கீழே இறங்கினோம்.

எவ்வளவு நன்றாக இருந்தது தெரியுமா. படிக்கட்டில் வரிசையாக நின்று வாளி வாளியாக மாற்றினோம். மேனேஜர் பேன்ட்டைத் தொடை வரை சுருட்டிக்கொண்டு வந்தார். நான் வாய் தவறி, "சாரோட காலை முதல்ல மாடியில காயப்போடுங்கப்பா, வெயிலே பட்டதில்ல போல" என்றுவிட்டேன். முதலில் சிரித்தவரே அவர்தான். அதற்கப்புறம் என்னைப் பிடிக்க முடியவில்லை. ஜன்னலுக்கு இந்தப் பக்கம் இத்தனை வருஷமாகச் சேர்ந்து கிடந்த கிண்டல் எல்லாம் ஸ்டாக் காலி. கணக்குப் பார்க்கும் அக்கா வைப்பர் கட்டையில் சாய்ந்துகொண்டு, "இந்த மனுஷன் இத்தனை நாளா எங்கய்யா இருந்தாரு?" என்றார். அந்தச் சொல்லை நான் வீட்டுக்குக் கொண்டுபோய், சாப்பிடும்போது மறுபடி மறுபடி நினைத்துப் பார்த்தேன்.

மாப்பிள்ளையைப் பற்றிச் சொல்ல வேண்டும். எலக்ட்ரீஷியன். தினமும் இஸ்திரி கலையாத சட்டையோடு வருவார், அதனால் அந்தப் பெயர். கல்யாணமாகிப் பள்ளிக்கூடம் போகிற மகளே இருக்கிறாள். கீழ்த்தளத்தில் பிளக் எல்லாம் தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில்தான். பழைய கட்டிடம், ஆபத்தென்றால் கரன்ட் தானாக நின்றுபோகிற வசதியெல்லாம் கிடையாது. அதனால் அவர் ஒரு வழக்கம் வைத்தார். கீழ்த்தளத்து மெயின் சுவிட்ச் என் அறைச் சுவரில்தான் இருக்கிறது. யாராவது தண்ணீரில் கால் வைப்பதற்கு முன், "இறக்கியாச்சா?" என்று கேட்க வேண்டும். நான் சுவிட்சை இறக்கி, கரன்ட் நின்றதைப் பார்த்துவிட்டு, "இறக்கியாச்சு, வாங்க" என்பேன். அதற்குப் பிறகுதான் கால். நான் வாய் திறக்கும் வரை மேனேஜரே கடைசிப் படியில் ஒற்றைக் காலில் நிற்பார். ஒருநாள் யாரோ மாப்பிள்ளையிடம், டெஸ்டர் வைத்துப் பார்க்க மாட்டாயா என்று கேட்டதற்கு அவர் என் தோளில் கையைப் போட்டு, "அண்ணன் சொன்னா போதும். டெஸ்டராவது சில நேரம் பொய் சொல்லும்" என்றார். அவர் கையை எடுக்கும் வரை நான் அசையவே இல்லை.

எந்த நல்லதும் நிலைக்காது. தண்ணீர் போய், சேறு போய், ராட்சச ஃபேன்களை வைத்துத் தரையை உலர்த்தினார்கள். சாயங்காலம் எல்லோரும் போன பிறகு நான் மூலையில் ஒரு வாளித் தண்ணீரை மெதுவாக ஊற்றிவிட்டு வருவேன். மறுநாள் மேனேஜர் தலையைச் சொறிந்துகொண்டு, "இந்த மூலை மட்டும் காயவே மாட்டேங்குதே" என்பார். இன்னொரு நாள் சேர்ந்திருப்போம். அதில் யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால் பக்கெட்டை வைத்து எத்தனை நாள் ஓட்ட முடியும்?

வேலை முடிந்தது. உருளைகளை இனிமேல் உயரமான இரும்பு மேடைகளில்தான் வைக்க வேண்டும் என்றார்கள், நானே கூட நின்று ஏற்றிவைத்தேன். அடுத்த வாரம் மாப்பிள்ளை ஜன்னலுக்கு வந்தார். ஃபோனில் யாருடனோ பேசிக்கொண்டே, "ஒரு ஃப்யூஸ்" என்றார். கொடுத்தேன். என் கையைப் பார்த்து வாங்கிக்கொண்டு போய்விட்டார். அண்ணே என்றுகூடச் சொல்லவில்லை. கோபமா என்றால் இல்லை. வருத்தம், அவ்வளவுதான்.

ஆகவே ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் போய் அந்தக் குழாயின் இணைப்பைக் கழற்றிவிட்டேன். பிளக்குகள் மூழ்கும் அளவுக்குத் தண்ணீர் ஏறியது, அதோடு மேலே தொட்டி காலி. கொஞ்சம் ஏமாற்றம்தான். இருந்தாலும் எல்லோருக்கும் டீ போட அலமாரியிலிருந்து கோப்பைகளை எடுத்துக் கழுவி அடுக்கினேன். கெட்டிலில் தண்ணீர் போட்டேன். அதற்கும் கீழ்த்தளத்து மெயினிலிருந்துதான் கரன்ட். பிறகு முதல் ஆளாக மாப்பிள்ளைக்கு ஃபோன் செய்தேன். அவரில்லாமல் எப்படி ஆரம்பிப்பது?

பாவம், ஓடி வந்தார். ஞாயிற்றுக்கிழமையிலும் இஸ்திரிச் சட்டை. மணிக்கட்டில் ஒரு சிவப்பு ரப்பர் பேண்ட். "பாப்பாவுக்குத் தலை பின்னிக்கிட்டிருந்தேன் அண்ணே. ஒரு பக்கம்தான் முடிஞ்சிருக்கு, இன்னொரு பக்கம் போய்த்தான் பின்னணும்" என்று சிரித்தார். நான் ஃபோனைக் கையில் எடுத்து, அடுத்து மேனேஜரைக் கூப்பிடவா, கணக்கு அக்காவையா என்று கேட்டேன். அவர் படியில் குனிந்து கீழே பார்த்தார்.

"யாரையும் கூப்பிடாதீங்க. உருளை எல்லாம் மேடையிலதான இருக்கு, ஒண்ணும் நனையல. மேல் லைன்ல மாட்டி பம்பை இறக்கிவிட்டா மத்தியானத்துக்குள்ள வடிஞ்சிடும். நாம ரெண்டு பேரே போதும். பாவம், எல்லாரும் வீட்ல இருக்கட்டும்."

என் கையிலிருந்த ஃபோனை வாங்கி மேஜையில் வைத்துவிட்டு, பம்பைத் தோளில் தூக்கிக்கொண்டு இறங்கினார். கடைசிப் படியில் நின்றார். பழக்கம் போகுமா.

"இறக்கியாச்சா அண்ணே?"

"இறக்கியாச்சு, வாங்க."

சத்தம் பெரிதாக எதுவும் இல்லை. அதற்குப் பிறகுதான் சுவிட்சை இறக்கினேன். எல்லோரிடமும் கெட்டில் கதையைச் சொன்னேன்: தண்ணீர் கொதிக்கட்டும் என்று விட்டிருந்தேன், பதற்றத்தில் வாய் தவறி வந்துவிட்டது என்று. நம்பினார்கள். பொய்யுமில்லை, கெட்டில் கொதித்துக்கொண்டுதான் இருந்தது. ஆனால் சுவிட்ச் என் கைக்கு எட்டும் தூரத்தில்தான் இருந்தது, மேடம். கையை அதன்மேல் வைத்துக்கொண்டேதான் பதில் சொன்னேன். ரெண்டு பேரே போதும் என்று அவர் சொல்லாமல் இருந்திருந்தால் கட்டாயம் இறக்கியிருப்பேன்.

அன்றைக்கு எல்லோரும் வந்தார்கள், ஒருவர் பாக்கியில்லை. மேனேஜர் என்னைக் கட்டிப்பிடித்து அழுதார். மாப்பிள்ளையின் மனைவி மகளோடு வந்தாள். அந்தப் பிள்ளைக்கு ஒரு பக்கம் பின்னல், ஒரு பக்கம் விரித்த தலை. கணக்கு அக்கா மடியில் உட்கார வைத்து மறுபக்கத்தையும் பின்னிவிட்டார். அந்த வேலையும் நின்றுபோகவில்லை பாருங்கள்.

உங்கள் ஆட்கள் வந்து பார்த்துவிட்டுப் போன பிறகு மறுபடி சுத்தம் செய்தோம். சுவர் வயரையெல்லாம் பிரித்ததால் கூடுதலாக நாளானது, நல்லதுதான். புது எலக்ட்ரீஷியன் கேட்பார், நான் பதில் சொல்வேன். ஒரு தடவைகூடத் தவறவில்லை. போன வாரம் அதுவும் முடிந்துவிட்டது. ஜன்னலுக்கு வந்து பெல்ட் கேட்கிறார்கள், பசை கேட்கிறார்கள், போய்விடுகிறார்கள். அதனால்தான் இங்கே வந்தேன்.

தம்பிக்குக் கை வலித்தால் நிறுத்தி எழுதட்டும், எனக்கு அவசரமில்லை. நீங்கள் எல்லோரும் இப்படிச் சுற்றி உட்கார்ந்து, நான் பேசுவதைக் கேட்பது மனசுக்கு நிறைவாக இருக்கிறது. மாப்பிள்ளை மட்டும் உயிரோடு இருந்திருந்தால், அவரையும் கூடவே கூட்டிக்கொண்டு வந்திருப்பேன்.