ஆடியில் போடாத கையெழுத்து

"அமெரிக்காவுல ஆடி மாசமே கெடையாதாம்மா."

ஸ்ரீபெரும்புதூர் பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் இருந்த அம்மாள் இப்படிச் சொன்னதும் நான் பேப்பரை மடித்துவிட்டேன். அவர் மடியில் பூக்கூடை. பக்கத்தில் அவருடைய நாத்தனார்.

"என்ன அண்ணி சொல்றீங்க?"

"குமாருக்கு அங்க வேலை செய்யற பர்மிட் முடியப் போவுதுன்னு கம்பெனிக்காரன் பேப்பர் குடுத்தான். கையெழுத்து போட்டா இன்னும் மூணு வருஷம் நீட்டிப்பாங்களாம். நம்ம வீட்ல ஆடியில நல்லது எதுவும் தொடங்கறதில்லையே. ஆவணி பொறக்கட்டும், அப்புறம் போடுடான்னேன்."

"கெடு எப்ப?"

"நம்ம கணக்குக்கு ஆடி இருபத்தெட்டு."

கண்டக்டர் வந்து டிக்கெட் கொடுத்துவிட்டுப் போனதும் நாத்தனார் அவர் பக்கம் திரும்பினாள்.

"அவன் படிச்சவனாச்சே அண்ணி. அவனுமா சும்மா இருந்தான்?"

"எம்பேச்சத் தட்ட மாட்டானே. ஆவணி ஒண்ணாந்தேதி குளிச்சி, சாமி கும்பிட்டுட்டுத்தான் போட்டான். கெடு தாண்டிப்போச்சுன்னு வாங்கலையாம். வேலைக்கும் வராதேன்னுட்டாங்க. வீட்டக் காலி பண்ணிக்கினு இருக்கான்."

"மருமக மாசமா இருக்கறாளே."

"ரெண்டு பேரும்தான் வராங்க. வர்ற செவ்வாய்க்கெழமைக்குள்ள நாட்ட விட்டுக் கெளம்பிடணுமாம். தாண்டினா மறுபடி அங்க காலே வைக்க முடியாதாம்."

நாத்தனார் அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். இப்போது அழுவார் என்று நினைத்தேன். அவர் கூடையிலிருந்த பூவின் மேல் ஈரத்துணியை இழுத்து மூடினார்.

"செவ்வாய்க்கெழம புள்ளத்தாச்சி வாசப்படி தாண்டலாமா? புதன்கெழம கெளம்புங்கன்னு நேத்து போன்ல சொல்லிட்டேன். சரிம்மான்னான்."