சாமைக்காட்டு பஸ்

அங்க உக்காராதீங்க, அந்த சீட்டுல கம்பி துருத்திக்கிட்டு இருக்குது. போன வாரம் உபதேசியார் வேட்டியக் கிழிச்சுப்போட்டுச்சு. இப்படி ஜன்னல் பக்கம் வாங்க, கூடைய நான் மடியில வெச்சுக்கறன். கொய்யாதானுங்க. ஒண்ணு எடுத்துக்குங்க. ஏனுங்க, வேண்டாம்னா எப்படி, எங்கூரு பஸ்ஸுல ஏறிட்டு எங்கூரு பழத்த வேண்டாங்கறீங்க.

எம்பேரு சின்னத்தாயிங்க. ஊட்டுக்காரரு மாதையன், காட்டுல வேலையா இருக்கறாரு. நீங்க ஊரு சுத்திப் பாக்க வந்தவங்களா? அப்படித்தான் நெனச்சன். நோட்டும் பேனாவுமா இருக்கறீங்களே, பாக்கறதையெல்லாம் எழுதுவீங்களாட்ட இருக்குது. எழுதுங்க. ஆனா சுத்திப் பாக்க வர்றவங்க எல்லாரும் கரடியூருக்கில்ல போவாங்க. அங்க போயிப் பள்ளத்த எட்டிப் பாத்துட்டு, நொம்ப அழகா இருக்குதுன்னு சொல்லிட்டு வந்துருவாங்க. பள்ளத்தப் பாக்கறதுக்கு கரடியூர் எதுக்குங்க, எங்கூர்ல எந்த வரப்புல நின்னாலும் பள்ளந்தான். எங்க மாடு ரெண்டு அந்த அழகப் பாக்கப் போயித்தான் உளுந்துச்சு.

இதா, வண்டி திரும்புது பாருங்க, இந்தப் பலாமரத்தோட ரோடு முடிஞ்சுருது. மேல தெரியறது மேல்சாமைக்காடு, எங்காளுக. சாமை, ராகி, கொஞ்சம் காப்பி, ஊட்டுக்குப் பின்னால நாலு ஆரஞ்சு மரம். கீழ ஓட்டு ஊடா வரிசையாத் தெரியுதுங்களா, நடுவுல சிலுவையோட, அது கீழ்சாமைக்காடு. அவங்க வேதக்காரங்க, கொட்டச்சேட்டுப் பக்கம் எஸ்டேட்டுக்கு வேலைக்குப் போறவங்க. மொத்தம் நாப்பத்தி ரெண்டு ஊடு. ரெண்டு பக்கத்துக்கும் நடுவுல ஒரே ஒரு ஊத்து. சண்டை புடிக்கோணும்னா கொடத்தோட அங்கதான் வருவம். வெய்யக்காலத்துல அந்த ஊத்துல தண்ணி வர்றத விட எங்க வாயில பேச்சு எச்சா வரும். அப்பறம் பாத்தீங்கன்னா எங்க சாமி நோம்பிக்கு அவங்கதான் பந்தலுக்கு மரம் வெட்டித் தரோணும், அவங்க கிறிஸ்துமஸுக்கு எங்கூட்டு வாழத்தார் போவோணும். போகலைன்னா அதுக்கொரு சண்டை.

பஸ்ஸுங்களா? இது வந்து மூணு மாசந்தான் ஆவுது. அதுக்கு முன்னால வாழவந்தி வரைக்கும் நடைதான். காப்பிக்காட்டுக்குள்ள காட்டெருமை நின்னுச்சுன்னா, அது நவுர்ற வரைக்கும் நாமளும் நிக்கோணும். அதுக்கு என்ன அவசரம், அது சாவகாசமா மேயும். இப்ப பாருங்க, சுளுவாப் போறம். ஆனா இதுவும் நெரந்தரமில்லீங்க. மூணு மாசம் ஓட்டிப் பாப்பாங்களாம், ஆளு ஏறலைன்னா நிறுத்திப்போடுவாங்களாம். இந்த மாசம் முப்பதாந்தேதியோட கெடு முடியுது. ஆளுக்கு என்னங்க கொறைச்சல், நீங்களே பாருங்க. எங்கூர்ல இருந்து மட்டும் ஆறு பேரு. அந்தா முன் சீட்டுல இருக்கறது சாந்தாமேரி, எஸ்டேட்டுல காப்பி பறிக்கறவங்க, ரவிக்கைத்துணி எடுக்கப் போறாங்க. அவங்களுக்குப் பக்கத்துல இருக்கறவருக்கு பேங்க்ல வேலை இருக்குது. எனக்கும் ஏற்காட்டுல தலைக்கு மேல வேலைங்க. இந்தக் கொய்யாவ விக்கோணும், அப்பறம் வந்து, நொம்ப வேலைங்க.

என்னங்க சொன்னீங்க? நேத்தும் இதே பஸ்ஸுல வந்தீங்களா? நேத்து நான் ஏறலீங்க, அதான் பாக்கல. ஒருத்தரு ஏற்காடு வந்தும் இறங்காம உக்காந்தே இருந்தாருங்களா. பச்சத் துண்டு போட்டிருந்தாரா. கண்டக்டரு டீ குடிக்கக் கூப்ட்டதுக்கும் மாட்டன்னு தலைய ஆட்டுனாரா.

அது எங்கூரு பொன்னுவேலுங்க. கெடுத்தாரு போங்க.

சரி, இனி மறைச்சு என்ன ஆவப்போவுது. நீங்க டிப்போவுல இருந்து வந்திருக்கறீங்கன்னு ஏறும்போதே எனக்குத் தெரியுமுங்க. சுத்திப் பாக்க வர்றவங்க ஜன்னலுக்கு வெளிய பாப்பாங்க, நீங்க உள்ள தலைய எண்ணுனீங்க. எஸ்டேட்டுல கணக்கெழுதற ரைட்டர் ஆரோக்கியதாஸ்னு ஒருத்தரு, கீழ்ப்பக்கத்துக்காரரு, அவருதான் படிச்சுப் படிச்சுச் சொன்னாரு. நோட்டோட யாராச்சும் ஏறுனா ஆளுக்கொரு வேலை சொல்லோணும், வேற ஒண்ணும் பேசப்படாதுன்னு. எனக்கு வாய் நீளமே தவிர பொய் நிக்காதுங்க. சொல்லிப்போடறன், கேளுங்க.

எங்கூர்ல காட்டுக்காவல் முறைன்னு ஒண்ணு இருக்குது. சாமை கதிர் புடிச்சதும் பன்னி வந்துரும். அதுக்குப் பரண் கட்டி, ஊட்டுக்கு ஒரு ஆளுன்னு முறை வெச்சு காவல் இருப்பம். முறைக்காரன் பரண் ஏறிட்டா, அடுத்த முறைக்காரன் வந்து நிக்கற வரைக்கும் இறங்கப்படாது. மழையோ காச்சலோ, இறங்குனா ஊருக்கே சோறாக்கிப் போடோணும். பஸ்ஸ நிறுத்திருவாங்கன்னு கேள்விப்பட்டதும் ரெண்டு பக்கமும் சேந்து ஊர்க்கூட்டம் போட்டம். ஊத்துத் தண்ணிப் பேச்சு வராம முடிஞ்ச கூட்டம் அது ஒண்ணுதானுங்க. பரணுக்கு வெக்கற மாதிரி பஸ்ஸுக்கும் முறை வெச்சுருவம்னு எங்கூட்டுக்காரருதான் சொன்னாரு. ஒரு நாளைக்கு ஆறு ஊடு, ஊட்டுக்கு ஒரு ஆளு. வேலை இருக்குதோ இல்லையோ, ஏறி ஏற்காடு போயிட்டு வந்துரோணும். ஆரோக்கியதாஸ் முறைச்சீட்டு எழுதிக் குடுத்தாரு.

பொன்னுவேலுக்கு நேத்துத்தான் மொத முறை. இத்தன நாளா அவரு சம்சாரந்தான் வந்துக்கிட்டு இருந்துச்சு. பரண் மாதிரின்னு சொன்னதும் அவரு பரணுன்னே புடிச்சுக்கிட்டாரு. ஏறுன சீட்ட உட்டு எந்திரிக்கல. தண்ணி கூடக் குடிக்கல. திரும்பி பலாமரத்துக்கிட்ட வந்தும் இறங்கமாட்டன்னுட்டாரு. அடுத்த முறை சாந்தாமேரிக்குத்தான், அந்தம்மாவக் கூட்டியாந்து பஸ்ஸு முன்னால நிறுத்துனப்பறந்தான் துண்ட ஒதறிக்கிட்டு எறங்குனாரு. டிரைவரு ஸ்டியரிங்குல தலைய வெச்சுக்கிட்டு சிரிச்சாருங்க.

நீங்களும் சிரிக்கறீங்க. சிரிங்க. இந்தக் கொய்யா கூட விக்கறதுக்கில்லீங்க. கையில கூடை இருந்தா வேலையாப் போறாப்பல இருக்கும்னு அதுவும் ரைட்டரு யோசனைதான். நாலு நாளா இதே கூடைதான் கை மாறி கை மாறி ஏற்காடு போயிட்டு வருது. அதான் அடியில ரெண்டு பழம் கொழகொழன்னு கெடக்குது. உங்களுக்குக் குடுத்தது நல்ல பழந்தான், பயப்படாதீங்க.

அதுவா. வேலையத்துப் போயிட்டு வர்றதுக்கு ஒரு ஊரே எதுக்கு இப்படி மெனக்கெடோணும்னு கேக்கறீங்க. நாயமான கேள்விதானுங்க. மொதல்ல கம்பியப் புடிச்சுக்குங்க, இந்த வளைவுல வண்டி ஆட்டிப்போடும்.

இந்த எடந்தானுங்க. அப்ப இது ரோடு இல்ல, மாட்டுத் தடம். எம் மூத்த பொண்ணு கிருஷ்ணம்மாள் இது வரைக்குந்தான் வந்தா. ரெண்டு வருசமாச்சு. தலப்பிரசவம், வலி எடுத்து ரெண்டு நாளாயும் ஒண்ணும் ஆவல. கம்பளியில தூளி கட்டி, மேல்பக்கத்து ஆளு ரெண்டு, கீழ்ப்பக்கத்து ஆளு ரெண்டு, தூக்கிக்கிட்டு ஓடியாந்தாங்க. முன்னால தோள் குடுத்தது ஆரோக்கியதாஸ்தான். வாழவந்தி போயிட்டா ஏதாச்சும் வண்டி புடிச்சுரலாம்னு இருந்தம். இங்க வந்ததும், எம்மா கொஞ்சம் எறக்கச் சொல்லுன்னா. எறக்குனாங்க. அவ்வளவுதானுங்க. அந்த ரைட்டரு மனுசன் ரெண்டு நாள் சோறு திங்கலீங்க, நான் கொஞ்சம் வெரசா ஓடியிருந்தா ஓடியிருந்தான்னு அதையே சொல்லிக்கிட்டுக் கெடந்தாரு. நீங்க மூஞ்சிய அப்படி வெச்சுக்காதீங்க. எனக்கு அவள நெனைக்காத நாளில்லதான், ஆனா அழுவறதுக்கு இப்ப நேரமில்லீங்க. பழத்தத் தின்னுங்க.

நேரம் எங்க இருக்குதுங்க. சின்னவ மாதம்மாள் ஊட்டுக்கு வந்திருக்கறா, நெறமாசம். டாக்டரம்மா வவுத்தப் பாத்துட்டு அடுத்த மாசம் பத்தாந்தேதின்னு நாள் குடுத்திருக்காங்க. உங்க கெடு முப்பதாந்தேதியே முடிஞ்சுருது. நான் கூட்டத்துல வாயத் தொறந்து ஒண்ணும் கேக்கலீங்க, சத்தியமா. நான் பேசாம உக்காந்திருந்த கூட்டமும் அது ஒண்ணுதான். அவங்களா பேசி, அவங்களா முறை வெச்சாங்க.

அந்தா வாழவந்தி வந்துருச்சு. இனி ஏறறவங்க எல்லாம் நெசமா வேலையாப் போறவங்க, அவங்கள தாராளமா எண்ணிக்குங்க. முறைச்சீட்டுங்களா? இடுப்புலதான் சொருகியிருக்கறன், இதா. எனக்குப் படிக்கத் தெரியாது, ஆனா எந்த வரியில என்ன இருக்குதுன்னு தெரியும். பாருங்க, முப்பதாந்தேதியோட நிறுத்தல ரைட்டரு. பஸ் ஓடும்ங்கற நம்பிக்கையில மேல மேல எழுதிக்கிட்டே போயிருக்கறாரு. கடைசி வரிய மட்டும் படிங்க. பத்தாந்தேதிதானே. அன்னைக்கு மத்த ஊட்டுப் பேரு எதுவும் இருக்காது. மாதம்மாள், போறப்ப ஒரு ஆளு, வர்றப்ப ரெண்டு ஆளுன்னு எழுதியிருக்கும். கைக்கொழந்தைக்கு டிக்கெட் கெடையாதுன்னு எனக்கும் தெரியுமுங்க. நீங்க நோட்டுல மட்டும் சேத்துக்குங்க.