தோப்பைத் திறக்கும் முன்

— அதை கிளிக் பண்ணாத, ஜாபஸ்.

— பண்ணல மாமா. சும்மா மேல அம்புக்குறிய வெச்சுகினு கீறேன்.

— எடுத்துடு.

— எடுத்துட்டேன், போதுமா? இன்னா மாமா நீ, பாம் வெச்ச ரூம்ல கீற மாதிரி பயப்படுற. ஒரு கேம். தொறந்தா தொறக்கும், கறுப்பா நின்னா மூடிட்டு மறுபடி தொறக்கப் போறோம்.

— மறுபடி திறந்தா இருக்காது.

— எது இருக்காது?

— ரெனி நட்டது.

— அக்கா நட்டதா? புரியிற மாரி சொல்லு மாமா. நான் சிசிடிவி மாட்டுறவன். எனக்கு கேபிள் தெரியும், கேம் தெரியாது.

— இந்த கேம் பேரு தோப்பு. ஒரு வெத்து நிலம் குடுப்பான். செடி, மரம் வெக்கணும். தினம் தண்ணி ஊத்தணும். நம்ம நாள் கணக்குதான் அதுக்கும். ஒரு மாசம் ஊத்தலைன்னா காஞ்சிடும்.

— காஞ்சா?

— காஞ்சது அப்படியே நிக்கும், ஒரு வருஷம் வரைக்கும். வருஷம் முடிஞ்சதும் வர்ற முதல் விடியல்ல காத்து அடிச்சு காஞ்சதை எல்லாம் தூக்கிட்டுப் போயிடும். அப்புறம் வெறும் தரை.

— இதெல்லாம் உனக்கு எப்டி தெரியும்? நீதான் கேம் பக்கமே போவ மாட்டியே.

— சாப்பிடும்போது சொல்லுவா.

— சரி. அப்ப அக்கா கடைசியா தண்ணி ஊத்துனது...

— ஆஸ்பத்திரிக்குப் போறதுக்கு முன்னாடி. அதெல்லாம் காஞ்சு இந்த வாரந்தான் வருஷம் முடிஞ்சிது. இப்ப திறந்தா அந்த விடியல்தான் வரும். ஒரே தடவை. மானிட்டருக்குப் பதிலா மாட்டின இந்த டிவி கறுப்பா இருக்கும்போது அது ஓடிப் போச்சுன்னா, அவ எங்க என்ன வெச்சிருந்தான்னே எனக்குத் தெரியாது.

— நீ பாத்ததே இல்லியா?

— பாதி ஏரி பார்த்திருக்கேன். பின்னாடி நின்னு. ஆபீஸ் கிளம்புற அவசரத்துல.

— ஏரியா?

— ஜன்னல்ல பாரு. அதே ஏரிதான். பருத்திப்பட்டு ஏரிய அப்படியே செஞ்சுகிட்டு இருந்தா.

— தோடா! நடக்குற பாதை, படகு எல்லாமா?

— எல்லாம்னுதான் சொன்னா.

— எங்கக்காவா? ஊட்ல ஒரு ரோஜாத் தொட்டி வெச்சா காய வுட்ருமே அது! சரி மாமா, ஒன்னு பண்லாம். மொதல்ல அந்த தோப்ப ஒரு காப்பி எடுத்து பென் டிரைவ்ல போட்டுக்கலாம்.

— முடியாது. தோப்பு இந்த மிஷின்ல இல்லை. அவன் சர்வர்ல இருக்கு. இங்க இருக்கறது வெறும் செட்டிங்ஸ்.

— அப்ப தொறக்காமயே, பழைய மானிட்டரு அளவ டிவி அளவா செட்டிங்ஸ்ல மாத்தணும்.

— அதுக்குத்தான் உன்னைக் கூப்பிட்டேன்.

— டேய் ஜாபஸு! படம் வந்துச்சாடா?

— இன்னும் இல்லம்மா! நீ கொழம்பப் பாரு! அம்மாவுக்கு இன்னா மாமா இவ்ளோ அவசரம்?

— அத்தை காலையில இருந்து நாலு தடவை கேட்டுட்டாங்க.

— நாளைக்கு அக்காவோட மொத வருசப் பூசைக்கு சொந்தக்காரங்கல்லாம் வருவாங்கல்ல, டிவி ஓடணும்னு நெனைக்குது போல. இந்த டிவிய மாமா ஊட்ல கொண்டு போய் போடுன்னு பத்து நாளா ஒரே நச்சரிப்பு. பட்டாபிராம்லேர்ந்து ஷேர் ஆட்டோல மடியில வெச்சுகினு வந்தேன்.

— பத்து நாளாவா? மானிட்டர் போனது எனக்கே நேத்துதான் தெரியும். நேத்துதான் வருஷம் கழிச்சு ஆன் பண்ணேன்.

— நீ தனியா கீறியேன்னு சொல்லிருக்கும். வுடு. மவுஸ் இன்னா மாமா, பிசுபிசுன்னு கீது?

— நான் தொடவே இல்லையே.

— தொடாமயே கெடந்தா ரப்பர் இப்டி ஆவும். சேரையும் யாரோ எறக்கி வெச்சுருக்காங்க, முட்டி இடிக்குது. சரி, வேலைக்கு வரேன். டாக்குமெண்ட்ஸ்... தோப்பு... தோ, செட்டிங்ஸ்னு ஒரு ஃபைல். இத நோட்பேட்ல தொறக்கலாமா?

— கேம் திறக்காதே?

— தொறக்காது மாமா. இது வெறும் எழுத்து. வாத்தியார் கிளாஸ்ல இல்லாதப்ப போர்டுல எழுதுற மாரி. அவரு வந்து படிக்கும்போதுதான் தெரியும்.

— சரி, திற.

— பாரு. வித், அதான் அகலம், ஆயிரத்தி எரநூத்தி எம்பது. ஹைட், ஆயிரத்தி இருவத்தி நாலு. அக்கா வெச்ச அளவு. கிட்டத்தட்ட சதுரம். ஃபுல் ஸ்கிரீன், ஒன்னு. கீழ பாரு, ரிஃப்ரெஷ், எழுவத்தஞ்சு.

— அது என்ன?

— ஒரு செகண்டுக்கு எத்தினி தடவ படத்த போடுதுன்னு. பழைய மானிட்டர் எழுவத்தஞ்சு தாங்கும். இந்த டிவி அறுவதுதான். அளவு ஒத்து வந்தாலும் இது ஒன்னு போதும் மாமா, மூஞ்சிய காட்டாம கறுப்பா நின்னுடும்.

— அப்ப நேத்தே டிவி இருந்து, நான் இதை கிளிக் பண்ணியிருந்தா...

— அவ்ளோதான். கறுப்புக்குள்ளயே விடிஞ்சு, காத்தடிச்சு, எல்லாம் முடிஞ்சிருக்கும். சத்தம் மட்டும் கேட்டுருப்ப.

— ம்.

— ஒக்காரு மாமா. தண்ணி குடி.

— வேணாம். நீ மாத்து.

— மாத்துறேன். எழுவத்தஞ்சு போயி அறுவது. வித் ஆயிரத்தி தொள்ளாயிரத்தி இருவது, ஹைட் ஆயிரத்தி எம்பது. முடிஞ்சுது. சேவ் பண்ணவா?

— எப்படித் தெரியும் அந்த அளவு?

— டிவி முன்னாடி பெரிசா ஸ்டிக்கர் ஒட்டிருக்கான்ல, ஃபுல் ஹெச்டின்னு.

— பின்னாடி லேபிள் பாத்தியா?

— எதுக்கு பின்னாடி பாக்கணும்?

— தொழிற்பேட்டையில லேபிள் சரிபாக்கறதுதான் எனக்கு வேலை. முன்னாடி ஒட்டுறது விக்கறவன். பின்னாடி ஒட்டுறது செஞ்சவன். டிவியத் திருப்பு.

— மாமா, கேபிள் எல்லாம் சொருகி கீது...

— மெதுவா திருப்பு. செல்லுல டார்ச் போடு.

— இரு... மாடல் நம்பர்... வோல்ட்டு... ஐய. ஆயிரத்தி முந்நூத்தி அறுவத்தாறு, எழுநூத்தி அறுவத்தெட்டு.

— ஃபுல் ஹெச்டி.

— ஏமாத்திட்டான் மாமா கடக்காரன்! ரெண்டு வருசமா கிரிக்கெட்டு இதுல பாத்துகினு, இன்னா கிளியரு, இன்னா கிளியருன்னு சொல்லிகினு கீறேன்!

— லேபிள்ல இருக்கறதைப் போடு.

— போட்டாச்சு. சேவ் பண்ணவா?

— ஒரு தடவை படி.

— வித் ஆயிரத்தி முந்நூத்தி அறுவத்தாறு. ஹைட் எழுநூத்தி அறுவத்தெட்டு. ரிஃப்ரெஷ் அறுவது. ஃபுல் ஸ்கிரீன் ஒன்னு. அத ஜீரோவா மாத்திடுறேன், ஜன்னல் மாரி தொறக்கும், இன்னும் சேஃப்டி.

— மாத்து. திறக்கும்போது கேமே இதைப் பழையபடி எழுதிடுமா?

— நல்லா கேட்ட. சில கேம் அப்டி பண்ணும். ரைட் கிளிக், ரீட் ஒன்லி. டிக். இனிமே அதால படிக்கத்தான் முடியும், எழுத முடியாது. நம்ம சர்வீஸ்ல குறை வெக்க மாட்டோம்.

— சேவ் பண்ணிட்டியா?

— பண்ணி, பூட்டியும் ஆச்சு. மாமா, ஒன்னு கேக்கவா? காஞ்சதப் பாக்கத்தான் போற. காலைலேர்ந்து சாப்புடாம ஒக்காந்து, செத்துப்போன செடியப் பாத்து இன்னா ஆவப் போவுது? நாளைக்கு பூசை. இன்னிக்கே பாக்கணுமா?

— காஞ்சதுன்னாலும் நிக்கிற எடம் தெரியும்ல.

— எடமா?

— எது எங்க வேணும்னு அவதான் யோசிச்சு வெச்சா. அதைப் பாக்கணும்.

— அதெல்லாம் ஒன்னும் காயாது மாப்ள!

— அத்தை?

— நான் கேட்டுகினுதான் கீறேன். காயாது. நீங்க தொறங்க.

— அம்மா, இது ஒன் கருவேப்பிலச் செடி இல்ல! கம்பியூட்டரு! சேசு வந்து தண்ணி ஊத்துவாரா?

— வாய மூடுறா. மீன் கருவுது, நான் போறேன்.

— அம்மாவுக்கு எல்லாமே ஜெபத்துல சரியாயிடும். சரி மாமா. நீயே அமுக்கு.

— நீ பண்ணு. நான் ஸ்கிரீனைப் பாக்கணும்.

— அமுக்குறேன். ஒன்னு, ரெண்டு... இரு, சிலுவ போட்டுக்கறேன். ம், அமுக்கிட்டேன்.

— கறுப்பா இருக்கு.

— இரு.

— ஜாபஸ், கறுப்பா இருக்கு.

— தெரியுது மாமா! அறுவதுதான போட்டேன்? லேபிள்ல இருந்ததுதான போட்டேன்? எஸ்கேப் அமுக்கி வெளிய வந்துடவா?

— கைய எடு.

— ஓடிப் போயிடும் மாமா!

— எடு. கேளு.

— இன்னா கேக்க?

— தவளை.

— ஆமா... தவள கத்துது. எங்கயோ தண்ணி சத்தம். மாமா, இது கறுப்பு ஸ்கிரீன் இல்ல.

— இருட்டு.

— விடியல. இன்னும் விடியல! அடி ஆத்தாடி. மேல பாரு, ஒரு மூலையில மட்டும் சாம்பலாவுது.

— கிழக்கு. சரியா வெச்சிருக்கா.

— தண்ணி தெரியுது. மாமா, ஏரி! மொத்த ஏரியும் தெரியுது. கரை, கைப்பிடி, அந்த வளஞ்ச பெஞ்சு கூட... இத ஒத்த மவுஸ வெச்சுகினு செஞ்சுதா அது? நானு ஜன்னலப் பாக்குறேனா டிவியப் பாக்குறேனா?

— பேசாத.

— பேசல.

— புங்க மரம். படகு கட்டுற எடத்துல. அதுக்குப் பின்னாடி பூவரசு. ஒரு வரிசை.

— மாமா.

— ம்.

— அது காயல.

— தெரியுது.

— பச்சையா கீது! எல மேல பனி நிக்கிது. பூத்து வேற கீது, அந்த மஞ்சப் பூவு! ஒரு வருசம் தண்ணி இல்லாம எப்டி? நீதான சொன்ன, ஒரு மாசத்துல காஞ்சிடும்னு?

— சொன்னேன்.

— எனக்கு மயிர் கூச்செறியுது மாமா. கையப் பாரு. அக்கா... சேசுவே.

— இரு. எல்லாம் பச்சை இல்ல. ஓரத்தைப் பாரு.

— எந்த ஓரம்?

— ரெண்டு பக்கமும். இந்தக் கடைசி, அந்தக் கடைசி.

— ஆமா... அங்க காஞ்சுதான் கீது. மொட்ட மொட்டயா நிக்குது. நடுவுல மட்டும் பச்ச.

— பச்சை எப்படி முடியுது பாரு. நேர் கோடு. ஸ்கேல் வெச்சு கிழிச்ச மாதிரி. ஒரே வரிசையில ஒரு மரம் பச்சை, பக்கத்து மரம் சருகு.

— செடி இப்டி காயாதே மாமா.

— அந்தப் பழைய மானிட்டர எடு. டிவிக்கு முன்னாடி பிடி.

— இன்னாத்துக்கு?

— பிடியேன்.

— இந்தா. ஐயோ... மாமா, கரெக்டா கீது. இந்த அகலம்தான் பச்ச. இந்த மானிட்டரு அகலம்.

— டிவி அகலம், அதனால ரெண்டு பக்கமும் கூடக் காட்டுது. ரெனிக்குப் படத்தை நகத்திப் பாக்கத் தெரியும், அதான் அங்கயும் நட்டிருக்கா. ஆனா தண்ணி ஊத்தினவங்களுக்கு நகத்தத் தெரியாது.

— ஊத்துனவங்களா? யாரு மாமா? இந்த ஊட்டுக்கு சாவி யார்கிட்ட கீது?

— என்கிட்ட ஒன்னு. பூட்டி வெச்சுட்டுப் போவேன். மிஷின் மேல அவ துப்பட்டா போட்டு மூடியிருந்தேன். யாரும் தொடக்கூடாதுன்னு எல்லார்கிட்டயும் சொன்னேன்.

— மாமா, காத்து. காத்து வருது!

— பாரு. நல்லா பாத்துக்க. இடது பக்கம் மூணு வேம்பு. அதுக்குக் கீழ கனகாம்பரம். வலது பக்கம் முருங்கை, ரெண்டு வாழை...

— பறக்குது. எல்லாம் சருகாப் பறக்குது. தண்ணி மேல போவுது பாரு, கொக்குக் கூட்டம் மாரி. இவ்ளோ அழகா யாராச்சும் காஞ்சு போவாங்களா மாமா?

— டேய், தள்ளு. படம் வந்துட்டா கூப்புட மாட்டியா? சத்தம் கேட்டுதான் ஓடியாரேன்.

— அம்மா, கையில மீன் வாசன, மவுஸத் தொடாத... அம்மா? ஸ்கிரீன்ல அந்தத் தண்ணி வாளிய எப்டி எடுத்த? அம்மா!

— அத்தை.

— கோச்சுக்காதீங்க மாப்ள. தொடாதீங்கன்னு சொன்னீங்க, தெரியும். வாரத்துக்கு ரெண்டு வாட்டி சமைக்க வர்றப்ப, ரெனி சாவியில தொறந்து... ஆஸ்பத்திரியில என் கையவே மவுஸு மாரி புடிச்சு காட்டிக் குடுத்தா, இத அமுக்கு, வாளி வரும், செடி மேல வெய்யின்னு. நான் வர்ற வரைக்கும் ஊத்தும்மான்னா. ஆமா, இன்னா இது... அந்தப் பக்கமும் ஏதோ பறக்குது?

— அங்கயும் நட்டிருந்தா அத்தை.

— ஐயோ மாதாவே, அங்கயும் வெச்சிருந்தாளா? எனக்கு இங்கேர்ந்து இந்தா, இங்க வரைக்கும்தான் தெரிஞ்சுது மாப்ள; தெரிஞ்சது ஒன்னையும் வுடாம ஊத்துனேன்.