முகம் பின்னிய நாள்

வந்தவர்: தொடக்கூடாதா? சரிம்மா, தொடல. மெட்ராஸ் எக்ஸிபிஷன்ல உன் ஓலை ஆளுங்கள பார்த்தேன். ஒவ்வொண்ணு கிட்டயும் போய்ப் பார்த்தேன். ஒண்ணுத்துக்கும் மூஞ்சி இல்ல. இதுக்கு மட்டும் பின்றியே?

பூங்காவனம்: அங்க இருக்கற ஓவியர் ஐயா கேட்டாரு. மூஞ்சி இருந்தா சீமைக்கே அனுப்பலாமாம்... ஏன் வெயில்ல நிக்கறீங்க? உள்ள வாங்க. ஆம்பூரா?

வந்தவர்: ஒரு காலத்துல. தோல் ஷாப்ல சேணம் தெச்சேன்.

பூங்காவனம்: எங்க வீட்டுக்காரரும் சேணம் தெச்சவர்தான். பட்டாளத்து வேலைன்னு ரங்கூனுக்குக் கூட்டிட்டுப் போனாங்க. யுத்தத்துல...

வந்தவர்: தெரியும்.

பூங்காவனம்: இன்னா தெரியும்?

வந்தவர்: இல்ல... நெத்தியில பொட்டு காணமே, அத வெச்சு சொன்னேன். இந்த வேல யார் கத்துக் குடுத்தது?

பூங்காவனம்: யாருமில்ல. ஒடம்பு கெடைக்கலன்னா ஓலையில ஒடம்பு பின்னி எரிக்கறது எங்க வழக்கம். அவருக்கு நானே பின்னேன். அதான் மொத ஆளு. அதப் பார்த்தவங்க சொல்லித்தான் ஓவியர் தேடி வந்தாரு.

வந்தவர்: அதுக்கு மூஞ்சி?

பூங்காவனம்: இருந்துது. இல்லன்னா யாருக்குப் போய்ச் சேரும்?

வந்தவர்: புருவத்துல வெட்டுத் தழும்பு? இதுலயும் வந்துடுச்சு பாரு.

பூங்காவனம்: வேற யாரோ மாதிரி பின்னலாம்னுதான் காலையில உக்காந்தேன். கைக்கு அந்த ஒரு மூஞ்சிதான் தெரியுது... அய்யோ, தொடாதீங்கன்னேனே! ஓலை கிழிச்சிடும். கையக் காட்டுங்க... இன்னாங்க இது? இவ்ளோ ஆழமாக் கிழிஞ்சிருக்கு, ஒரு சொட்டு ரத்தம் வரல?

வந்தவர்: தோல் ஊறப்போடற சுண்ணாம்புக் குழியில ஊறின கை. மரத்துப் போச்சு.

பூங்காவனம்: சிரிக்காதீங்க.

வந்தவர்: ஏன்?

பூங்காவனம்: சிரிக்காதீங்கன்னா சிரிக்காதீங்க! அது எங்க வீட்டுக்காரர் சிரிப்பு. எனக்கு பயமா இருக்கு.

வந்தவர்: வாசல்ல கால வெச்சப்பவே கண்டுபுடிச்சிட்டே. தெரியாத மாதிரி ஆம்பூரான்னு கேக்கறே.

பூங்காவனம்: நீங்க மட்டும்? கட்டினவளப் போய் சரிம்மான்னு... எதுக்கு வந்தீங்க?

வந்தவர்: நீதான கூப்ட்டே. மூஞ்சி பின்னி.

பூங்காவனம்: போய்டுங்க. கருமாதி முடிஞ்சு போச்சு. ஊருக்கு நீங்க செத்தவரு. இப்பத்தான் நாலு பேர் என்ன மதிக்கறாங்க. நீங்க வந்து நின்னா எல்லாம் போய்டும்.

வந்தவர்: நான் செத்தேன்னு யார் சொன்னா?

பூங்காவனம்: நிசார் பாய். ரங்கூன்லருந்து நடந்தே வந்தாரே...

வந்தவர்: நிசார் என் தோஸ்த். அவன் பொய் சொல்லமாட்டான், பூங்காவனம். இன்னா சொன்னான்?

பூங்காவனம்: நீங்க நல்லா இருக்கறதா சொன்னாரு. போதுமா? அங்க ஒருத்தியோட குடித்தனம், கைக்கொழந்த வேற, திரும்ப மாட்டாருன்னாரு. அவர் பேரணாம்பட்டுக்கு பஸ் ஏறினதும் ஊரக் கூட்டி, செத்துட்டாருன்னு அழுதது நான்தான். வயிறெரிஞ்சுதுங்க எனக்கு! நீங்க உயிரோட இருக்கீங்கன்னு தெரிஞ்சேதான் பின்னேன். உங்க தம்பி கையில கொள்ளியக் குடுத்ததும் நான்தான்.

வந்தவர்: தெரியும். அன்னிக்கு மத்தியானம் ரங்கூன் கடையில தோல் அறுத்துட்டு இருந்தேன். அந்தக் கொள்ளி படற வரைக்கும்... உயிரோடதான் இருந்தேன்.