சம்பந்தி உபசாரம்

ஜாங்கிரியைச் சூடாகச் சாப்பிடக்கூடாது. ஆறவிட்டு, பாகு உள்ளே இறங்கின பிறகு வாயில் போட்டால்தான் அதன் குணம் தெரியும். பீன்யாவில் ஒரு ஃபேக்டரி கான்டீனில் சூப்பர்வைசராக இருந்து ஓய்வு பெற்றவன் நான், பெயர் நாராயணசாமி. என் சாம்பாருக்காகவே பிரமோஷன் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்தவர்கள் உண்டு. பக்கத்து ஃபேக்டரியிலிருந்து சுவரேறிக் குதித்தவர்களும் உண்டு. கொஞ்சம் கூட்டிச் சொல்வேன் இன்ஸ்பெக்டர் சார், அது என் சுபாவம், வடிகட்டிக்கொள்ளுங்கள். ஆனால் என் சம்பந்தி கணேசமூர்த்தி செத்த விஷயத்தில் கூட்டுவதற்கு எதுவும் இல்லை. ஸ்டேஷன் ரைட்டர் கன்னடத்தில் எழுதிக்கொள்கிறேன் என்றார். உபசாரக் கதை தமிழில்தான் ருசிக்கும் என்று பேப்பரை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன்.

எனக்கு ஒரே மகள், வைஷ்ணவி. அவள் அம்மா போனதற்கப்புறம் தாசரஹள்ளி வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். காலையில் அவள் காபி கலப்பாள், நான் தோசை வார்ப்பேன். ஆபீஸ் கேப் வரும்வரை பேப்பருக்குச் சண்டை போடுவோம். சாயங்காலம் மாடிப்படியில் அவள் செருப்புச் சத்தம் கேட்டால் டி.வி.யை அணைப்பேன். இதைச் சொல்லத் தனியாகக் காரணம் ஒன்றும் இல்லை. வீட்டில் யார் யார் என்று கேட்டீர்கள், சொன்னேன்.

கூட வேலை பார்க்கும் கவினைக் கட்டிக்கொள்கிறேன் என்றாள். நல்ல பையன். குறை இருக்குமா என்று நானும் தேடினேன், கிடைக்கவில்லை. அவன் அப்பாதான் கணேசமூர்த்தி. சந்தாபுராவில் சொந்த வீடு, கணீரென்ற குரல், எதைச் சொன்னாலும் முதலில் ஒரு "தப்பா எடுத்துக்காதீங்க சம்பந்தி."

கல்யாணம் பெண் வீட்டுடையது. நடத்தியது அவர். நான் மல்லேஸ்வரத்தில் பார்த்த மண்டபத்தை விட்டுவிட்டு, அவர் வீட்டுக்கு அடுத்த தெருவில் ஒன்றைப் பிடித்தார். "தப்பா எடுத்துக்காதீங்க சம்பந்தி, வாழமரம்கூட நம்ம சைடுலயே வாங்கிக்கலாம். உங்க சைடு குட்டையா இருக்கும்." நாகஸ்வரம் அவர் ஏற்பாடு. நாற்காலி உறையின் நிறம்கூட அவர் முடிவு. வாட்ஸப்பில் அவர் அனுப்பிய படங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் விதான சௌதாவை எட்டிப் பார்க்கலாம்.

வைஷ்ணவி சிரிப்பாள். "விடுங்கப்பா, மாமாவுக்கு ஆசை. ஒரே பையன்."

காலையிலேயே அந்த மாமாவிடம் போனில் மண்டபம், மாலை என்று பேச ஆரம்பித்துவிடுவாள். பேப்பர் சண்டை நின்றுபோனது. முழுப் பேப்பரும் எனக்கே கிடைத்தது. ஒரு வரி ஏறவில்லை.

தேதியைத் தள்ளிப் போடப் பார்த்தேன், மறைக்கவில்லை. ஜாதகத்தில் சின்னத் தோஷம் இருக்கிறதாம் என்றேன். மறுநாளே பரிகாரத்தை முடித்துப் பிரசாதத்தோடு வந்து நின்றார். முழங்கால் ஆபரேஷன் என்றேன். மணமேடைக்கு என் வீல்சேர் ஏற ஒரு சாய்தளம் போடச் சொல்லிவிட்டார். "பொண்ண தாரவாக்க நீங்க நடக்கவே வேணாம் சம்பந்தி, நாங்க தள்ளிக்கறோம்." இப்படிப்பட்ட மனிதரிடம் நான் எங்கே போய் முட்டிக்கொள்வது.

ஒன்றை மட்டும் என்னிடம் விட்டார். சமையல். என்னிடம் வேலை பழகிய குணசேகர் இன்று பீன்யாவில் சொந்தமாகக் கேட்டரிங் நடத்துகிறான். மாப்பிள்ளை வீடு ருசி பார்த்து ஒப்புக்கொண்டால்தான் மெனு முடிவாகும். ருசி பார்க்க நாள் குறித்த அன்று சாயங்காலமே கவினுடைய அம்மா ரத்தினம்மாள் போன் செய்தார்.

"அண்ணா, அவருக்கு ரொம்ப வருஷமா சர்க்கரை. ரெண்டு வேளையும் ஊசி. ஸ்வீட்ட கண்டா கொழந்தை மாதிரி. உங்கள நம்பித்தான் அனுப்பறேன்."

"கவலப்படாதம்மா, நான் பாத்துக்கறேன்" என்றேன். பார்த்துக்கொண்டேன்.

நம் ஜனங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. பெண்ணைப் பெற்றவன் தன் கையால் எடுத்துக் கொடுப்பதை சம்பந்தி மறுக்கக்கூடாது. மறுத்தால் சம்பந்தமே கசந்துவிட்டது என்று அர்த்தமாகும். கணேசமூர்த்தி இதில் ரொம்ப ஒழுங்கானவர். ஆகவே குணசேகரின் சமையல்கூடத்தில் முதல் ஜாங்கிரியை நானே எடுத்து நீட்டினேன். வாங்கிக்கொண்டு, சுகர் இருக்கே என்றார். இது சர்க்கரைக்குப் பதிலாக இனிக்கிற ஒரு இலைப்பொடி போட்டது, சர்க்கரையே இல்லை என்றேன்.

அவர் கண்ணில் தண்ணி வந்துவிட்டது சார். "ஜாங்கிரி வாயில போட்டு எத்தன வருஷம் ஆச்சு தெரியுமா சம்பந்தி. எனக்காகவா செய்யச் சொன்னீங்க?"

"உங்களுக்காகத்தான்."

குணசேகர் என்னைத் தனியே கூப்பிட்டான். "சார், அது நிஜ சர்க்கரப் பாகு. அவரு சுகர் பேஷன்ட்டு." வயசான மனுஷன் ஆசைப்படறார், ஒரு வாய்தானே என்றேன். என் பேச்சை அவன் தட்டியதில்லை.

ஒரு வாய் எங்கே போதும். அசோகா அல்வா ஒரு நாள், பாதுஷா ஒரு நாள், பால் பாயசம் ஒரு நாள். ஒவ்வொரு முறையும் மெனுவில் எதையாவது மாற்றிவிட்டு மறுபடி ருசி பார்க்கக் கூப்பிடுவேன். அவரும் சளைக்காமல் சந்தாபுராவிலிருந்து மெட்ரோ, பஸ் மாறி வருவார். காசிக்குப் போகிறவர்கூட அத்தனை பக்தியோடு கிளம்பியிருக்க மாட்டார். ஊசி விஷயத்தையும் பக்குவமாகச் சொன்னேன். இந்த இலைப்பொடியே சர்க்கரையை இறக்கிவிடும், அதற்கு மேல் ஊசியும் போட்டால் மயக்கம் வரும் என்றேன். கல்யாணம் முடியும்வரை மெஷினில் ரத்தம் பார்க்காதீர்கள், டென்ஷனில் தப்பாகக் காட்டும் என்றேன். வீட்டில் சொன்னால் பயந்துவிடுவார்கள் என்றும் சொன்னேன். கான்டீன்காரன் சொன்னால் சாப்பாட்டு விஷயத்தில் யார் சந்தேகப்படப் போகிறார்கள்.

இளைத்தார். கல்யாண அலைச்சல் என்றேன். பெல்ட்டில் துளை போதவில்லை என்று ஒருநாள் சிரித்தார். குணசேகரிடம் ஆணி வாங்கி நானே இன்னொரு துளை போட்டுக் கொடுத்தேன். தண்ணீர் பாட்டில் பாட்டிலாகக் குடித்தார். வெயில் என்றேன். கொன்றுவிட வேண்டும் என்றெல்லாம் நான் நினைக்கவில்லை சார். ஆஸ்பத்திரியில் கொஞ்ச நாள் படுத்தால் கல்யாணம் கொஞ்சம் தள்ளிப்போகும், அவ்வளவுதான். அப்படித்தான் நினைத்தேன் என்று நினைக்கிறேன்.

கடைசியாக ருசி பார்க்க வந்த அன்று பாயசத்தைத் தொடுவதற்குள் வாந்தி எடுத்தார். மூச்சு நீளநீளமாக வாங்கியது. வாயில் அழுகின பழத்தின் வாடை. குணசேகர் அவரைத் தூக்கப் போனான். எதிர்ச்சாரியிலேயே ஒரு ஆஸ்பத்திரி இருக்கிறது, நீங்களும் பார்த்திருப்பீர்கள். "இவர் டாக்டர் சந்தாபுராவுல இருக்கார், ஃபைல் எல்லாம் அங்கதான்" என்று சொல்லி என் காரில் ஏற்றினேன்.

பெங்களூரின் அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடி. ஆபீஸ் விடும் நேரம். சுற்றிக்கொண்டு போக டோல் ரோடு இருக்கிறது. நான் ஊருக்குள் புகுந்தேன். யஷ்வந்த்பூரில் ஊர்ந்தோம். மெஜஸ்டிக்கில் நின்றோம். முன்னால் போன பஸ்ஸில் ஒருவர் கண்டக்டரோடு ஆரம்பித்த சண்டை, நாங்கள் வில்சன் கார்டனைத் தாண்டும்போது சமாதானத்தில் முடிந்திருந்தது.

மடிவாளா பக்கம் வரும்போது கணேசமூர்த்தி கண்ணைத் திறந்தார்.

"சம்பந்தி, நம்ம வீட்டு மாடில பெயின்ட் அடிச்சிருக்கேன்."

"பேசாதீங்க" என்றேன்.

"உங்களுக்குத்தான். கல்யாணத்தன்னிக்குச் சொல்லணும்னு வைஷ்ணவி சத்தியம் வாங்கிக்கிட்டா. நீங்க அங்க தனியா என்ன பண்ணுவீங்க. முழங்கால் வேற. படியில கைப்பிடி போட்டிருக்கேன்." மூச்சு வாங்கினார். "பேப்பருக்குச் சண்ட போடுவீங்களாமே. ரெண்டு பேப்பர் போடச் சொல்லியாச்சு."

சிக்னல் சிவப்பு. இடது கைப் பக்கம் ஒரு பெரிய ஆஸ்பத்திரி, வாசலில் ஸ்ட்ரெச்சரோடு ஆள் நின்றிருந்தான். திரும்பியிருக்கலாம். யோசித்தேன் சார், ரொம்ப நிதானமாக யோசித்தேன். இவர் பிழைத்து எழுந்தால் டாக்டர் கேட்பார், என்ன சாப்பிட்டீர்கள், ஊசி ஏன் போடவில்லை என்று. இவர் ஒளிக்காமல் சொல்வார். வைஷ்ணவி அதைக் கேட்பாள். அப்புறம் மாடி எங்கே, பேப்பர் எங்கே.

பச்சை விழுந்தது. பின்னால் ஹாரன் அடித்தார்கள். நேராகப் போனேன்.

சில்க் போர்டில் அவர் தூங்கிவிட்டார். தூங்குகிற சம்பந்தியை எழுப்புவது மரியாதை இல்லை. சந்தாபுராவில் அவர் டாக்டர் கதவைத் திறந்து பார்த்துவிட்டு, எவ்வளவு நேரமாக இப்படி என்று கேட்டார். டிராபிக் என்றேன். பெங்களூரில் இந்தப் பதிலைச் சந்தேகப்பட்டவன் யாராவது உண்டா.

ரத்தினம்மாள் என் தோளில் சாய்ந்து அழுதார். "கடைசி வரைக்கும் நீங்கதாண்ணா கூட இருந்தீங்க." அந்த வீட்டு உறவுக்காரர்கள் வேறு விதமாகப் பேசினார்கள். பெண்ணின் ராசி, வீட்டில் கால் வைப்பதற்கு முன்பே மாமனாரைக் காவு வாங்கிவிட்டது என்று வைஷ்ணவி காதுபடவே சொன்னார்கள். கவின் தடுத்தான். தடுக்கிற குரலில் பலம் இல்லை. கல்யாணம் நின்றது. வைஷ்ணவி கண்ணாடி முன்னால் உட்கார்ந்து, "நான் ராசி இல்லாதவளாப்பா?" என்று கேட்டாள். இல்லை என்று சொல்ல நான் வாயெடுத்தேன். ஆனால் அப்போது அவள் வீட்டில் இருந்தாள், என் எதிரில் இருந்தாள், காபி ஆறிக்கொண்டிருந்தது. சொல்லாமல் விட்டேன்.

அப்புறம் ஒருநாள், "ஏம்ப்பா டோல் ரோட்டுல போகல?" என்று கேட்டாள். தோணலம்மா என்றேன். அவள் குணசேகரைப் போய்ப் பார்த்தாள். அங்கிருந்து நேரே உங்களிடம் வந்திருக்கிறாள். புகாரில் அவள் கையெழுத்தைக் காட்டினீர்கள், பார்த்தேன். கோபத்தில் போட்டிருப்பாள்.

கணேசமூர்த்திக்கு சர்க்கரையைக் கொடுத்ததும், ஊசியை நிறுத்தச் சொன்னதும், ஆஸ்பத்திரிகளைத் தாண்டிப் போனதும் நான்தான். சுயநினைவோடு எழுதிக் கையெழுத்தும் போட்டுவிட்டேன். பெண்ணுக்காகத்தான் செய்தேன், அதையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

ஒரு விண்ணப்பம். வாசல் பெஞ்சில் யாராவது காத்திருந்தால் உள்ளே விடச் சொல்லுங்கள். "யாரூ பந்தில்ல அஜ்ஜா" என்கிறார் உங்கள் கான்ஸ்டபிள், யாரும் வரவில்லையாம். நேற்றும் அதையேதான் சொன்னார். அவருக்கு இந்த ஊர் தெரியாது போலிருக்கிறது. வைஷ்ணவி பிளாஸ்கில் காபியோடு கிளம்பியிருப்பாள். டிராபிக்கில் மாட்டியிருப்பாள்.