பெர்டிங் இன்னைக்கும் விழணும்

பாத்தும்மா டெஸ்ஸி, பிரஷ்ஷு கண்ணுக்குள்ள போவுது. ஆடாமத்தான் உக்காரப் பாக்குறேன், காலு கேக்க மாட்டேங்குதே. மேடைல யாரு பேசுறா? கவுன்சிலருக்கு நிக்கிறவங்களா? அப்ப டின்டோ சார் ஏற நேரமிருக்கு. மெதுவாவே ஒட்டு தழும்ப.

என்ன கேட்ட, அவரோட எத்தனை படமா? எவன் எண்ணுனான்! அவரு ஹீரோ, அவருகிட்ட அடி வாங்க ஒரு அடியாளு வேணும்னா, பெர்டிங்கக் கூப்புடுன்னுடுவாங்க. ஐஸ் ஃபேக்டரில செத்திருக்கேன், துறைமுகத்துல செத்திருக்கேன், சர்ச் வாசல்ல கல்யாணப் பொண்ணு மேலயே விழுந்து செத்திருக்கேன். மார்க்கெட்டுல ஒரு மீன்காரம்மா, என்ன நெசமாவே ரவுடின்னு நெனச்சு, உனக்கு மீனு கெடையாது போடான்னுடுச்சு! பொண்டாட்டி இருந்தவரைக்கும் அவதான் போயி வாங்குவா.

இப்ப படம் எங்க? சாரு மேயருக்கு நிக்கிறாரு. பேச வராது, பாவம். அதான் பேட்டை பேட்டையா இந்தக் கூத்து. நான் ஒரு பொம்பளையோட பையப் புடுங்குவேன், சாரு ஒரு குத்து விடுவாரு, நான் பறந்து போயி விழுவேன். சனம் விசிலடிச்சு அவரு பேரக் கத்தும். இன்னைக்குக் கடைசிக் கூட்டம், ஊரே வந்திருக்கு.

உங்கிட்ட மட்டும் சொல்றேன், வெளிய விட்றாத. அவரு கை என் தாடை கிட்டக்கூட வராது. அவருக்கு முட்டி போச்சு, தோளும் தூக்க முடியல. கை கெளம்பும்போதே நாந்தான் பின்னால பாயுறேன். அவரு பலம்னு நெனைக்கிறாங்களே, அத்தனையும் என் இடுப்பு. நான் பாட்டுக்கு நின்னேன்னு வையி, காத்தக் குத்திட்டு அவரே தடுமாறுவாரு.

ஐயோ சிரிக்காத, பசை வழியுது. மோசமானவரு இல்லம்மா. என் பொண்டாட்டி செத்தப்ப ஒம்பது நாள் ஜெபத்துக்கும் வந்து உக்காந்தாரு. அதான் மாட்டேன்னு சொல்ல நாக்கு எழல.

பன்சித் நூடுல்ஸா? வேணாம். இன்னும் எவ்ளோ நேரந்தான் பேசுவாங்க அந்தாளுங்க?

ஆமா, நீ இந்த ஊருதானே? சாருக்கு எதுத்து நிக்குதே, அந்த டீச்சரு எப்பிடி? மஞ்சச் சட்டை போஸ்டரு, அதான். உன் மவனுக்குப் பாடம் எடுத்துச்சா? நல்லா எடுக்குமா?

ம்... எடுப்பா. சின்னதுலேயே சுவத்துக்குப் பாடம் நடத்துவா.

என் மூத்தவம்மா அவ. ரோவெனா. புருசன் பேரப் போட்டு நிக்கிறா, அதான் என் பொண்ணுன்னு வெளிய தெரியல. சாருக்கா? தெரியாமலா! அந்த ஒம்பது நாளும் அவ கையாலதான காப்பி வாங்கிக் குடிச்சாரு. தெரிஞ்சேதான் கூப்ட்டாரு. தொழில் வேற வீடு வேற பெர்டிங்னு முதுகுல தட்டுனாரு. காலைல அவ போன் பண்ணா. அப்பா, அது உங்க வேலை, ஒழுங்கா விழுங்க, என்னப் பத்தி யோசிக்காதீங்கன்னா. சொல்லிட்டும் போன வைக்கல அவ.

என் பேரு சொல்றாங்க பாரு. இதோ வந்துட்டேன்யா!

என்னது, வாயில அடக்கிக்கிற ரத்தப் பையா? நீயே வச்சிக்கம்மா. இன்னைக்குத் தேவைப்படாது.