தோற்கப் போனவர்

கோவையிலிருந்து திருப்பூர் வரும் பேருந்தில் எனக்கு முன் இருக்கையில் இரண்டு பேர். ஜன்னலோரம் இருந்தவருக்கு வீரபாண்டியில் பனியன் கம்பெனி. பக்கத்தில் அவர் மனைவியின் தம்பி. "தோக்கறதுக்குன்னே போயி ஜெயிச்சுப் போட்டேன் மாப்ள" என்று கம்பெனிக்காரர் சொன்னதும் என் தூக்கம் போய்விட்டது.

ஆர்டர் கொடுக்க வந்த வெளிநாட்டுப் பையரை மாலுக்குள், பந்தை உருட்டிப் பத்துக் கட்டைகளைச் சாய்க்கும் பவுலிங் விளையாடக் கூட்டிப் போயிருக்கிறார். அவரை ஜெயிக்க வைத்துக் குளிர்விப்பதாகத் திட்டம்.

"அடுத்தடுத்து ரெண்டு தடவ, ஒரே உருட்டுல பத்துக் கட்டையும் உழுந்துச்சு. பாயிண்ட் காட்டற டிவியில எனக்குக் கட்டம் காலியாவே இருந்துச்சு. செல்லாதாட்ட இருக்குதுன்னு சந்தோசப்பட்டேன்."

"ஐயோ மச்சா, ஒரே உருட்டுல பத்தும் உழுந்தா, அடுத்த ரெண்டு உருட்டையும் அதோட சேத்துத்தானுங்க பாயிண்ட் போடுவாங்க. அதுவரைக்கும் கட்டம் காலியாத்தான் இருக்கும்."

"இதைய நேத்தே சொல்றதுக்கென்ன? அடுத்த உருட்டுல பொசுக்குனு அவரைத் தாண்டிப் போட்டேன். பயந்துபோயி, கடைசிப் பந்தை ஓரத்துப் பள்ளத்துல உடலாம்னு பார்த்தேன். அது என்னமோ நேரா நடுவுல போவுது. 'நில்லு சாமி'ன்னு பின்னாலயே ஓடி வழுக்கி உழுந்தேன். கட்டையும் பத்தும் உழுந்துச்சு."

"பையர் என்னங்க சொன்னாரு?"

"கை குடுத்தாரு. கொண்டுபோன பனியன் சாம்பிளைக் கேக்கவே இல்ல. இதா, மடியிலயே இருக்குது."

"உடுங்க மச்சா. நான் பழக்கி உடறேன். அடுத்த தடவ வாரப்ப நல்லாத் தோத்துக் குடுத்தரலாம்."

கம்பெனிக்காரர் மடியிலிருந்த சாம்பிளை நீவி மடித்தார்.

"அடுத்த தடவ வர்றேன்னு அவரு சொல்லல மாப்ள."